நடுவழி கடைக்கோடியான கதை

மலைக் கிராமங்கள் பாழ்படுவதைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் ஒரே காரணத்தைச் சொல்லி முடித்துவிடுகிறார்கள்: இளைஞர்கள் நகரத்துக்குப் போய்விட்டார்கள் என்பது. 2011ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பு, உத்தராகண்ட் மாநிலத்தில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஊர்களை ஆளற்றவை என்று காட்டியபோதும் இந்த விளக்கமே பரவலாகப் பேசப்பட்டது. பல ஊர்களுக்கு இது பொருந்தவும் கூடும். ஆனால் அம்மாநிலத்தின் பித்தோராகட் மாவட்டத்தில், ஜோஹார் பள்ளத்தாக்கின் மேல்முனையில் இருக்கும் மிலம் என்ற ஊரின் வரலாற்றைப் படிக்கையில் இவ்விளக்கம் நமக்குப் போதவில்லை. ஏனெனில் மிலத்து மக்கள் எக்காலத்திலும் ஊரைவிட்டுப் போய்க்கொண்டே இருந்தவர்கள். போவதும் திரும்புவதுமே அவர்களின் வாழ்க்கை.

மிலம் கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 3400 மீட்டர் உயரத்தில், கோரி கங்கை பிறக்கும் பனியாற்றை அடுத்து அமைந்த ஊர். குளிர்காலத்தில் அங்கே யாரும் தங்குவதில்லை. ஷௌகா என்று தம்மை அழைத்துக்கொள்ளும் ஜோஹார் மக்கள் (ஆங்கிலேயர் ஆவணங்கள் இவர்களைப் போட்டியா என்ற பொதுப்பெயரில் அடக்கின) கோடையில் மிலத்திலும் பனிக்காலத்தில் முன்சியாரியிலும் அதற்குக் கீழுள்ள ஊர்களிலுமாக வாழ்ந்தார்கள். குடும்பம், ஆட்டு மந்தை, தறி எல்லாம் ஆண்டுக்கு இருமுறை மலைப்பாதையில் நகர்ந்தன. கல்லால் கட்டி மரவேலைப்பாடுகள் செய்த சில நூறு வீடுகள் கொண்டிருந்த மிலம், அந்தப் பள்ளத்தாக்கின் மிகப்பெரிய ஊராக விளங்கியது.

வெறும் உழவைக் கொண்டு அவ்வுயரத்தில் அத்தனை பெரிய ஊர் பிழைத்திருக்க முடியாது. அதை வளர்த்தது திபெத்திய வணிகம். மிலத்திலிருந்து வடக்கே ஊண்டா துரா, ஜெயந்தி, குங்கிரி பிங்கிரி என்று மூன்று கணவாய்கள், ஒவ்வொன்றும் 5000 மீட்டருக்கு மேற்பட்டவை, அடுத்தடுத்து வருகின்றன. இடையில் தங்க நல்ல இடம் இல்லாததால் மூன்றையும் ஒரே மூச்சில் கடக்க வேண்டும். அவற்றைத் தாண்டி மேற்குத் திபெத்தின் ஞானிமா சந்தையை அடைந்தார்கள். தானியமும் வெல்லமும் துணியும் மேலே போயின. உப்பும் வெண்காரமும் கம்பளியும் கீழே வந்தன. ஆடுகளின் முதுகில் சிறு பைகளைத் தொங்கவிட்டும், ஜபு எனப்படும் கலப்பின எருதுகளின் மேல் ஏற்றியும் சரக்கு சென்றது. உப்பு கடலோரத்திலிருந்து உள்நாட்டுக்குப் போகும் பொருள் என்று உமணர் பாடல்களின் வழியே பழகிய நமக்கு, உப்பு பனிமலை உச்சியைத் தாண்டி இறங்கி வந்ததென்பது வியப்பாகவே இருக்கும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ரயில் மலையடிவாரத்தை எட்டி, சமவெளி உப்பு மலிவாக வரத் தொடங்கியபோது திபெத்திய உப்புக்கு இருந்த தேவை குறைந்தது. அப்போதும் மிலம் சரியவில்லை. கம்பளியைப் பெரிதும் பற்றிக்கொண்டு தன்னை மாற்றிக்கொண்டது.

இவ்வணிகத்துக்கு அடிப்படையாக இருந்தது நம்பிக்கை. ஒவ்வொரு ஷௌகா வணிகருக்கும் திபெத்தில் 'மித்ர' என்ற நிலையான கூட்டாளி இருந்தார். அந்த உறவு தந்தையிடமிருந்து மகனுக்கு வந்தது. ஒப்பந்தம் செய்கையில் ஒரு கல்லை இரண்டாக உடைத்து ஆளுக்கொரு பாதி வைத்துக்கொள்வார்கள் என்றும், மறு ஆண்டு யார் வந்தாலும் இரு பாதிகளும் பொருந்தினால் போதும் என்றும் அம்மக்கள் சொல்வதுண்டு.

இந்தப் பழக்கமே மிலத்துக்கு உலகப் புகழையும் தந்தது. 1830இல் இங்கே பிறந்த நைன் சிங் ராவத் முதலில் இவ்வூர்ப் பள்ளியில் ஆசிரியராக இருந்தவர். 'பண்டிட்' என்ற பெயர் அதனால் வந்தது. திபெத்துக்குள் ஐரோப்பியர் நுழைய முடியாத அக்காலத்தில், பிரிட்டிஷ் இந்திய நில அளவைத் துறை அவரைப் பயிற்றுவித்து அனுப்பியது. ஒரு மைலுக்கு 2000 அடிகள் என்று ஒரே சீராக நடக்கப் பழகினார். 108 மணிகளுக்குப் பதிலாக 100 மணிகள் கோத்த செபமாலையில், நூறு அடிக்கு ஒரு மணி தள்ளினார். குறிப்புகளைத் திபெத்திய வழிபாட்டு உருளைக்குள் மறைத்தார். 1866 ஜனவரியில் லாசாவை அடைந்து, அந்நகரின் அமைவிடத்தையும் உயரத்தையும் அளந்து திரும்பினார். 1877இல் லண்டன் அரச புவியியல் கழகம் அவருக்குத் தங்கப் பதக்கம் வழங்கியது. அவருடைய உறவினர் கிஷன் சிங் 1878 முதல் 1882 வரை திபெத்தையும் அதற்கு வடக்கே துன்ஹுவாங் வரையும் நடந்து அளந்தார். உலகத்தின் விளிம்பில் கிடந்த ஊர் இத்தகையோரைத் தந்திருக்க இயலாது என்று நமக்குத் தோன்றுகிறது. லாசாவுக்கும் சமவெளிக்கும் இடையில் கிடந்த நடுவழி ஊர் என்பதாலேயே அது இயன்றது.

ஆயினும் அந்தச் செழிப்பின் காலத்தைப் பொற்காலமாக்கிவிடவும் நாம் விரும்பவில்லை. ஜோஹாரில் முன்பு ரங்கஸ் என்ற திபெத்திய-பர்மிய மொழி வழங்கியது. கிரியர்சனின் இந்திய மொழி அளவாய்வில் இடம்பெற்ற அம்மொழி, இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் வழக்கொழிந்தது; அதன் இடத்தில் குமாவோனி நிலைபெற்றது. கணவாய்கள் திறந்திருந்த காலத்திலேயே மொழி போய்விட்டது. ஓர் ஊர் வெறுமையாவதற்கு முன்னரே அதற்குள் சில இழப்புகள் நிகழ்ந்துவிடுகின்றன.

முடிவு டெல்லியிலும் பெய்ஜிங்கிலும் எழுதப்பட்டது. 1954 ஏப்ரலில் இந்தியாவும் சீனாவும் செய்துகொண்ட திபெத் வணிக உடன்படிக்கை, வணிகரும் யாத்திரிகரும் செல்லத்தக்க ஆறு வழிகளைப் பெயர் குறித்து ஏற்றது. அவற்றுள் குங்கிரி பிங்கிரியும் ஒன்று. ஞானிமாவும் சந்தைகளின் பட்டியலில் இருந்தது. எட்டாண்டுக் காலத்துக்கான அந்த உடன்படிக்கை 1962 ஜூனில் காலாவதியானது. அதே ஆண்டு அக்டோபரில் போர் மூண்டது, கணவாய்கள் மூடப்பட்டன. அப்பால் மித்ரர்களிடம் கொடுத்து வைத்த சரக்கும் வரவேண்டிய கடனும் அங்கேயே நின்றன. அடுத்த கோடையில் மிலத்துக்கு ஏறிச் செல்ல யாருக்கும் பெரிய தேவை இருக்கவில்லை. சரக்கில்லாத மந்தைகள் சுருங்கின. கூரைகள் பனிப்பாரம் தாங்காமல் ஒவ்வொன்றாக இறங்கின.

மக்கள் அழியவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். 1967இல் பட்டியல் பழங்குடியினராக அறிவிக்கப்பட்ட பின்னர் பலர் கல்வியிலும் அரசுப் பணியிலும் உயர்ந்தார்கள். தொலைவழி போய்ப் பிழைக்கத் தெரிந்தவர்களுக்கு டேராடூனும் டெல்லியும் புதிய ஞானிமாவாயின. ஒரு வேறுபாடு மட்டும் உண்டு. ஞானிமாவுக்குப் போனவர் மிலம் வழியாகத்தான் வீடு திரும்ப வேண்டும். டெல்லிக்குப் போனவருக்கு அந்தக் கட்டாயம் இல்லை. ஊரை வெறுமையாக்கியது போதல் என்பதைவிடத் திரும்புவதற்கான காரணம் அற்றுப்போனது என்று சொல்வதே பொருத்தம். இளைஞர்களைக் குறைசொல்லும் கட்டுரைகள் காணத் தவறுவது இதைத்தான்.

இப்போது கோடையில் சில குடும்பங்கள் மட்டும் ஏறி வந்து உருளைக்கிழங்கும் மூலிகையும் பயிரிடுகின்றன. வேறு சிலர் தெய்வ வழிபாட்டுக்காக வந்து போகிறார்கள். இடிந்த சுவர்களை அடுத்து எல்லைக் காவல் படையின் முகாம் இருக்கிறது. மிலம் வரை வாகனச் சாலை போடும் பணி பல ஆண்டுகளாக நடந்து வருகிறது. எல்லையோர ஊர்களில் மீண்டும் குடியிருப்பை ஊக்குவிக்க 2023இல் நடுவணரசு தனித் திட்டமும் தொடங்கியது. இவை வரவேற்கத்தக்கவை. ஆனால் சாலை தெற்கிலிருந்து மட்டுமே வருகிறது. 1992இல் லிபுலேக் கணவாயும், பின்னர் ஷிப்கி லாவும், 2006இல் நாதுலாவும் வணிகத்துக்குத் திறக்கப்பட்டன. 2020இல் நின்றுபோன அவ்வணிகத்தை மீண்டும் தொடங்க 2025 ஆகஸ்டில் இரு நாடுகளும் இசைந்தபோது பெயர் குறிக்கப்பட்டவையும் அதே மூன்றுதான். 1954இன் பட்டியலில் இருந்த குங்கிரி பிங்கிரி அதில் இல்லை.

எனவே வரவிருக்கும் சாலை மிலத்தில் போய் முடியும். பல தலைமுறைகள் அவ்வூரைத் தாண்டிச் சென்ற வழி, இனி அங்கே நின்றுவிடும். சுற்றுலாப் பயணிகளும் படைவீரர்களும் வருவார்கள்; சில கூரைகள் மீண்டும் வேயப்படலாம். அப்பாலுள்ள பாதிக் கல்லைக் கையில் வைத்திருப்பவரின் பேரன் வந்து கதவைத் தட்டினால் மட்டுமே, அது பழைய மிலம் ஆகும்.