‘-ஆம்’ என்னும் சாட்சியம்: தென்சென்னைப் புறநகரில் போர்க்கால நினைவுகளை எழுத்தாக்குதல்

நந்தம்பாக்கத்தில், மவுண்ட்–பூந்தமல்லி சாலையோரம், 1952-இல் அமைந்த போர்க் கல்லறைத் தோட்டம் இருக்கிறது. இரண்டாம் உலகப் போரில் இறந்த 850-க்கும் மேற்பட்ட படையினருக்கு அங்கே கல் உண்டு. அதே போரில் மூட்டை முடிச்சோடு எழும்பூரில் ரயிலேறி, தாம்பரம், செங்கற்பட்டு வழியாகத் தெற்கே போன சென்னைக் குடும்பங்களுக்கு இருப்பது பேச்சு மட்டுமே. அதைப் பதிவுசெய்ய வேண்டும் என்பதில் யாருக்கும் தகராறில்லை. பதிந்ததை எழுத்தாக்கும்போது என்ன தொலைகிறது என்பதே என் கேள்வி.

1942 மார்ச்சில் ரங்கூன் வீழ்ந்தது. ஏப்ரல் 5 அன்று கொழும்பிலும் மறுநாள் விசாகப்பட்டினம், காக்கிநாடாவிலும் ஜப்பானிய விமானங்கள் குண்டு வீசின. அடுத்தது சென்னைதான் என்ற கிலியில் நகரம் காலியானது. முதியவர்கள் வாயில் அது ‘இவாகுவேஷன்’. படையெடுப்போ வரவேயில்லை. ஒன்றரை ஆண்டு கழித்து, 1943 அக்டோபரில், ஒற்றை விமானம் வந்து துறைமுகப் பக்கம் குண்டு போட்டுவிட்டுப் போனது.

அன்று பத்து வயதுப் பிள்ளையாக இருந்தவர் இன்று தொண்ணூறைத் தாண்டியிருப்பார். அவர் பேசுகிறார் என்று கொள்வோம்: “ராத்திரி வெளக்க அணைச்சுட்டு உக்காந்திருந்தோம். ஜூவுல சிங்கம் புலியெல்லாம் சுட்டுட்டாங்களாம்.” முதல் வாக்கியம் கண்டது, இரண்டாவது கேட்டது. பார்க் டவுனில் இருந்த உயிரியல் பூங்காவில் (1985-இல் வண்டலூருக்கு வந்தது அதுதான்) கொடிய விலங்குகள் 1942-இல் சுடப்பட்டது உண்மையே. ஆனால் அவர் அதைப் பார்க்கவில்லை; ‘-ஆம்’ சொல்லிவிடுகிறது. படியெடுப்பவர் இதை “விலங்குகளைச் சுட்டுவிட்டனர்” என்று செந்தமிழாக்கினால், பேசியவர் தாமே வகுத்துத் தந்த எல்லை அழிந்துபோகும். பிறகு ஆய்வாளர் வந்து, கிழவர் காணாததைக் கண்டதாகச் சொன்னார் என்று குறை காண்பார். குறை படியெடுப்பில்.

அந்த விகுதி செவிவழிச் செய்தியை மட்டும் குறிப்பதில்லை. “ஜப்பான்காரன் வர்றானாம்!” என்பதில் நக்கலும் இருக்கலாம், நடுக்கமும் இருக்கலாம், குரலைக் கேட்டால்தான் தெரியும். எனவே எழுத்துப் படி ஒலிப்பதிவுக்கு மாற்றாகாது.

ஆவணக்காப்பகத்தை நம்பும் வரலாற்றாசிரியர்கள் கேட்பது நியாயமான கேள்வி: குண்டு விழுந்ததால்தான் ஊரைவிட்டு ஓடினோம் என்று ஒருவர் 1943-ஐ 1942-க்கு முன்னால் வைத்தால், அந்தச் சாட்சியத்துக்கு என்ன மதிப்பு? இதே கேள்வி வேறோர் ஊரிலும் எழுந்தது. இத்தாலியின் தெர்னி நகரில் லூயிஜி திராஸ்துல்லி என்ற எஃகாலைத் தொழிலாளி 1949-இல் கொல்லப்பட்டார். ஊரார் பலர் அந்தச் சாவை, ஆயிரக்கணக்கானோர் வேலை இழந்த 1953-க்கு நகர்த்திச் சொன்னதை வாய்மொழி வரலாற்றாய்வாளர் அலெஸாந்த்ரோ போர்தெல்லி கவனித்தார். அவர் அதைத் திருத்தி ஒதுக்கவில்லை. ஏன் நகர்ந்தது என்று கேட்டார். சென்னையிலும் தேதியை நகர்த்த ஒரு தேவை இருந்திருக்கலாம் என்பது என் ஊகம். வராத எதிரிக்காக வீடு வாசலை விட்டு ஓடியது பின்னாளில் சற்று வெட்கமாகத்தான் இருக்கும். குண்டை முன்னால் வைத்துவிட்டால் ஓட்டத்துக்குக் காரணம் கிடைத்துவிடுகிறது. தேதியை ஆவணம் திருத்தட்டும். வெட்கத்தை எந்தக் கோப்பில் தேடுவது?

இன்னொன்று, நம் வீடுகளில் நேர்காணல் தனியே நடப்பதில்லை. சேலையூர் அடுக்ககத்தில் பெரியவர் பேசிக்கொண்டிருக்க, காபி கொண்டுவரும் மருமகள் “இல்ல மாமா, குண்டு போட்டது அதுக்கப்புறம்தானே?” என்பார். அவர் ஒரு கணம் நிறுத்தி, “ஆமா… ஆனா நாங்க அதுக்குத்தானே போனோம்” என்பார். பதிப்பாளர் முதலில் வெட்டுவது இந்த இடத்தைத்தான். அந்தக் குறுக்கீடு, அந்த ஒரு கண நிறுத்தம், ‘மாமா’ என்ற விளி மூன்றும் படியில் இருக்க வேண்டும்.