போலீஸ்காரர் அரசியல் பேசலாமா?

அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் உள்ளது நியூ பெட்ஃபோர்டு. ஒரு காலத்தில் திமிங்கல வேட்டைக்குப் பேர்போன ஊர். அங்கே போலீஸ்காரர் என்பவர் நகர ஊழியர். அவரை வேலையை விட்டு நீக்கும் அதிகாரம் மேயருக்கு இருந்தது.

மெக்காலிஃப் என்ற போலீஸ்காரரை மேயர் நீக்கினார். அரசியலுக்காகப் பணம் திரட்டக் கூடாது என்ற காவல்துறை விதியை மீறினார் என்பது குற்றச்சாட்டு. அந்த விதி தன் பேச்சுரிமையைப் பறிக்கிறது, வேலையைத் திருப்பித் தர வேண்டும் என்று அவர் வழக்குப் போட்டார்.

1892-இல் மாநில உச்ச நீதிமன்ற நீதிபதி ஆலிவர் வெண்டல் ஹோம்ஸ் தீர்ப்பெழுதினார். மெக்காலிஃபுக்கு அரசியல் பேசும் உரிமை இருக்கலாம், ஆனால் போலீஸ்காரராக இருக்கும் உரிமை கிடையாது என்றார். நிபந்தனைக்கு ஒத்துக்கொண்டு சேர்ந்துவிட்டுப் பிறகு குறை சொல்ல முடியாதாம். மனு தள்ளுபடி.

கேட்பதற்கு நியாயமாகத்தான் இருக்கிறது. ஒப்பந்தம் ஒப்பந்தம்தானே? ஆனால் இங்கே முதலாளி அரசாங்கம். சட்டம் போட்டு வாயை அடைக்க முடியாத அரசாங்கம், சம்பளத்தைக் காட்டி அடைக்கலாமா?

1968-இல் இல்லினாய்ஸ் மாநிலத்தில் பிக்கரிங் என்ற ஆசிரியரின் வழக்கு வந்தது. பள்ளி நிர்வாகம் பணத்தைச் செலவு செய்யும் விதத்தைக் குறை சொல்லிப் பத்திரிகைக்குக் கடிதம் எழுதியதால் அவர் வேலை போயிருந்தது. நீக்கம் செல்லாது என்றது அமெரிக்க உச்ச நீதிமன்றம். ஊழியரின் பேச்சுரிமையையும் நிர்வாகத்தின் தேவையையும் தராசில் வைத்துப் பார்க்க வேண்டும் என்றது.

மத்திய அரசு ஊழியர்கள் கட்சி வேலை செய்யத் தடை விதித்த சட்டத்தை அதே நீதிமன்றம் 1973-இல் ஏற்றுக்கொண்டது. எனவே பணம் திரட்டிய மெக்காலிஃப் இன்றைக்கும் தோற்கலாம். ஆனால் "வேலை உன் உரிமை இல்லை" என்ற ஒரே பதிலோடு அவரை இன்று அனுப்பிவிட முடியாது.