லக்ஷ்மண் பார்த்த காக்கை

சாலை என்றதும் ரோடு என்று நினைத்துவிடாதீர்கள். திருவனந்தபுரத்துக்காரர்களுக்கு அது கிழக்கேகோட்டையில் தொடங்கும் பெரிய கடைத்தெரு. 18-ஆம் நூற்றாண்டின் கடைசியில் திருவிதாங்கூர் திவானாக இருந்த ராஜா கேசவதாஸ் உண்டாக்கியது. பிழைக்க வந்த நம்மவர்கள் கடை போட்டு அங்கேயே நிலைத்துவிட்டார்கள். நானும் அந்தத் தெருப் பிள்ளைதான். சிந்தின அரிசிக்கும் அழுகின காய்க்கும் காக்கைகளும் கூடவே குடியிருந்தன.

ஆடி அமாவாசையை அங்கே கர்க்கடக வாவு என்பார்கள். திருவல்லம் பரசுராமர் கோயிலிலும் சங்குமுகம் கடற்கரையிலும் பலிச்சோறு வைத்து, ஈரக்கையைத் தட்டிக் காக்கையைக் கூப்பிடுவார்கள். நாம் ‘கா கா’ என்கிறோம். எப்படிக் கூப்பிட்டாலும் வருவது தாத்தாவோ பாட்டியோதான். ஆனால் வந்த பறவையை யாராவது நிதானமாகப் பார்த்திருக்கிறோமா? சோறு எடுத்ததா இல்லையா என்பதோடு சரி.

பார்த்தவர் ஒருவர் உண்டு, ஆர்.கே.லக்ஷ்மண். 1921-இல் மைசூரில் ஒரு தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர். டைம்ஸ் ஆஃப் இந்தியாவில் அவர் போட்ட ‘காமன் மேன்’ எல்லோருக்கும் தெரியும். சிறுவயதில் ஜன்னல் வழியே பார்த்து வரைந்தவற்றில் எதிர்வீட்டுக் கூரைக் காக்கைகளும் உண்டு. 2015-இல் மறையும் வரை அந்தக் காக்கைப் பித்து விடவில்லை. மற்ற பறவைகள் இலைக்குள் ஒளிந்துகொள்ளும், காக்கையின் கறுப்புதான் பச்சையிலும் நீலத்திலும் எடுப்பாகத் தெரிகிறது என்பது அவர் கட்சி. அதன் புத்திசாலித்தனமும் அவருக்குப் பிடிக்கும். பித்ருவாகவோ சனி பகவானின் வாகனமாகவோ இல்லாமல், தலை சாய்த்து நம்மை எடைபோடும் ஒரு அண்டைவீட்டுக்காரராக அதை வரைந்தார். (இவருக்குத் திறமை போதாது என்று பம்பாய் ஜே.ஜே. ஓவியப் பள்ளி இடம் தரவில்லை. பின்னாளில் அதே பள்ளி விருந்தினராக அழைத்தது!)

கழுத்தில் சாம்பல் பூத்த இந்த ஊர்க்காக்கை மனிதர் இல்லாத இடத்தில் வாழாது. எனவே நம்மோடு அதுவும் கப்பலேறியது. 19-ஆம் நூற்றாண்டு முடியும் தறுவாயில், காப்பித் தோட்டப் புழுக்களைத் தின்ன இலங்கையிலிருந்து மலாயாவின் கிள்ளானுக்குக் கொண்டுவந்தார்கள். வேலைக்கு ஆள் எடுத்த மாதிரியேதான். ஸான்ஸிபாரில் குப்பை தின்னக் கொண்டுபோய் விட்டார்கள். 1994-இல் நெதர்லாந்தின் ஹூக் வான் ஹாலந்து துறைமுகத்தில்கூட வந்து இறங்கியது.

வேலை முடிந்ததும் வேண்டாதவன் ஆகிவிட்டது. 2024-இல் கென்யா அரசு 10 லட்சம் காக்கைகளை ஒழிக்கப்போவதாக அறிவித்தது. நான் இருக்கும் சிங்கப்பூரிலும் பல்லாண்டுகள் துப்பாக்கியால் சுட்டார்கள். முட்டையைத் தின்று உள்ளூர்ப் பறவைகளை அழிக்கிறது, கூட்டருகே போனால் தலையில் கொத்துகிறது என்கிறார்கள். பொய்யில்லை. ஆனால் அதைக் கொண்டுவந்தது யாராம்?

எங்களுக்கு இதில் ஒரு சங்கடம். 2020-இல் வந்த சட்டப்படி இங்கே காட்டுயிர்களுக்கு உணவிடுவது குற்றம். முதல் தடவைக்கே 5,000 வெள்ளி வரை அபராதம். அப்பாவின் திதிக்கு ஜன்னல் திண்டில் ஒரு பிடி சோறு வைக்க வழியில்லை. எதிர் பிளாக் கூரையில் காக்கை உட்கார்ந்து பார்த்துக்கொண்டுதான் இருக்கிறது.

இப்போதெல்லாம் அம்மாதான் சாலை வீட்டு மாடியில் எங்களுக்கும் சேர்த்து வைக்கிறாள். எடுத்ததும் ஃபோன் வரும். அதன் பிறகுதான் நாங்கள் இலை போடுகிறோம்.