சோழர் காலத்தில் பிறந்தநாள்: கல்வெட்டுகள் காட்டும் நெறி

செமினி வட்டாரத்துத் தமிழ்க் குடும்பங்களில் ஒரே பிள்ளைக்குப் பிறந்தநாள் இருமுறை வருவதுண்டு. பிறப்புச் சான்றிதழில் உள்ள தேதியில் வீட்டில் அணிச்சல் வெட்டப்படுகிறது. பிறந்த நட்சத்திரத்தில் கோயிலில் அர்ச்சனை செய்யப்படுகிறது. இவ்விரண்டனுள் பின்னதே இடைக்காலத் தமிழகம் அறிந்த பிறந்தநாள். அதன் இயல்பை அறிய மன்னர் பற்றிய சான்றுகளே நமக்குப் பெரிதும் துணைசெய்கின்றன.

மன்னன் பிறந்தநாளைப் பாடுதலை இலக்கண நூலார் தனித் துறையாகவே வகுத்தனர். தொல்காப்பியம் அதனைப் பெருமங்கலம் என்றும், புறப்பொருள் வெண்பாமாலை நாண்மங்கலம் என்றும் குறிக்கின்றன. அந்நாளில் மன்னன் சினம் தவிர்ந்து, சிறைப்பட்டோரை விடுவித்தல் மரபென உரைகளால் அறிகிறோம்.

இம்மரபு நடைமுறையில் கொண்ட வடிவத்தைக் கல்வெட்டுகள் காட்டுகின்றன. முதலாம் இராசராசன் (ஆட்சி 985–1014) பிறந்த நாண்மீன் சதயம். தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகள் ஆண்டுக்குப் பன்னிரண்டு சதயத் திருநாள்களைக் குறிப்பிடுகின்றன. குமரி மாவட்டத்துத் திருநந்திக்கரைக் கல்வெட்டோ, ஐப்பசிச் சதயத்தை ஒட்டிய விழாவுக்கென முட்டம் என்னும் ஊர் மும்முடிச்சோழநல்லூர் எனப் பெயரிட்டு வழங்கப்பட்டதைக் கூறுகிறது. எனவே மன்னன் பிறந்தநாள் அரண்மனைக்குள் முடிந்த களிப்பன்று. ஓர் ஊரின் வருவாயைக் கோயிலுக்கு ஆண்டுதோறும் கொண்டுசேர்த்த அறக்கட்டளையுமாகும். பிறந்தவன் பரிசு பெறவில்லை, கொடுத்தான்.

இங்கு ஒன்று கருதத்தக்கது. இச்சான்றுகள் திங்களையும் நாண்மீனையும் தருகின்றன. பிறந்த ஆண்டைத் தருவதில்லை. ஆட்சியாண்டைத் தவறாது பொறித்தவர்கள் மன்னனின் அகவையைப் பொறிக்க முற்படவில்லை. ஆண்டுதோறும் மீண்டும் வரும் நாளே விழாவுக்கு வேண்டப்பட்டது. ஆதலால் இராசராசன் 947ஆம் ஆண்டில் பிறந்தான் என எழுதுவது கணிப்பேயன்றிக் கல்வெட்டுச் செய்தி அன்று. திங்களைக் குறிப்பதிலும் விழிப்பு வேண்டும். முதலாம் இராசேந்திரன் மார்கழித் திருவாதிரையில் பிறந்தான் என்றே பலரும் எழுதிவந்தனர். திருவாரூர்க் கல்வெட்டொன்று அதனை ஆடித் திருவாதிரை எனத் திருத்தியது.

வகுப்பறையில் மாணவர் ஒருவர், "இராசராசன் எந்தத் தேதியில் பிறந்தான்?" எனக் கேட்கக்கூடும். "ஐப்பசிச் சதயம்" என்பதே சான்றுள்ள விடை. ஆண்டு தெரியாமை நம் வரலாற்றின் குறையன்று. பிறந்தநாளை அக்காலத்தார் வேறொரு கண்கொண்டு நோக்கினர் என்பதற்கு அதுவே சான்று. கோயிலில் தம் நட்சத்திரத்தைச் சொல்லி அர்ச்சனை செய்யும் மாணவர்க்கு இவ்விடை அயலானதாகத் தோன்றாது.