மனு கரையில் நின்றது: 1999 தாமிரபரணிப் பேரணியும் நினைவேந்தலும்

1. கரிசலில் தொடக்கம்

23.7.1999 அன்று திருநெல்வேலியில் நடந்த மாஞ்சோலை மலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர் பேரணியை மலையிலிருந்து எழுதத் தொடங்குவதே வழக்கம். கடம்பூர்ப் பக்கத்துக் கரிசலிலிருந்து தொடங்குவதே பொருத்தம் என்பது என் கருத்து. ஒட்டப்பிடாரம் வட்டாரத்துக் கொடியங்குளத்தில் 31.8.1995 அன்று காவல்துறை புகுந்து வீடுகளைச் சூறையாடியது. குடிநீர்க் கிணறும் தப்பவில்லை. அந்தக் கொதிப்பில்தான் 1996 தேர்தலில் டாக்டர் க. கிருஷ்ணசாமி ஒட்டப்பிடாரத்தில் வென்றார். பின்னர் அவருடைய புதிய தமிழகம் கட்சியே தேயிலைத் தொழிலாளரின் கூலிப் பிரச்சினையைக் கையில் எடுத்தது. மானாவாரிக் காட்டுச் சனங்களுக்குத் தேயிலையோடு என்ன தொடர்பு? பட்ட அடிதான்.

2. அன்று கேட்டவை

கூலி உயர்வு, திருச்சிச் சிறையில் கிடந்த நூற்றுக்கணக்கான தொழிலாளரின் விடுதலை. கோரிக்கை இவ்வளவே. கொக்கிரகுளம் ஆட்சியர் அலுவலகத்துக்கு மனுவோடு வந்தவர்கள்மீது தடியடி நடந்தது. தப்ப ஆற்றில் இறங்கியவர்களையும் விடவில்லை. கைக்குழந்தை உட்பட 17 பேர் இறந்தனர். இதை விசாரித்த நீதிபதி மோகன் ஆணையம் காவல்துறையின் பக்கமே நின்றது.

3. நினைவின் அரசியல்

ஆர். ஆர். சீனிவாசனின் ‘நதியின் மரணம்’ ஆவணப்படமும் மாரி செல்வராஜின் ‘தாமிரபரணியில் கொல்லப்படாதவர்கள்’ தொகுப்பும் அந்த நாளை மறக்கவிடவில்லை. ஆண்டுதோறும் கட்சிகளும் அமைப்புகளும் ஆற்றில் மலர் தூவுகின்றன. ஆனால் 1995 அ.தி.மு.க. ஆட்சி, 1999 தி.மு.க. ஆட்சி. ஆளுக்கொரு பழி இருப்பதால், அடுத்தவர் பழியை மட்டும் நினைவுகூர்வது இரு தரப்புக்கும் வசதி. கொடியங்குளத்தை நினைவூட்டிய ‘கர்ணன்’ (2021) படத்தில் கதை நடக்கும் ஆண்டு எது என்பதே சர்ச்சையாகி, அந்த வரி திருத்தப்பட்டது. வேடிக்கைதான்.

4. விடுபட்டது

சாவுகளைப் போற்றிய அளவுக்கு மனுவை நாம் போற்றவில்லை. சிங்கம்பட்டி ஜமீனிடம் 99 ஆண்டுக் குத்தகைக்கு 8,374 ஏக்கர் பெற்று மாஞ்சோலைத் தோட்டங்களை நடத்திய பம்பாய் பர்மா நிறுவனம், 2024இல் விருப்ப ஓய்வு என்ற பெயரில் தொழிலாளரை வெளியேற்றத் தொடங்கியது. தோட்டங்களை அரசின் தேயிலைத் தோட்டக் கழகமான டான்டீ ஏற்று நடத்த வேண்டும் என்ற வழக்கை அந்த டிசம்பரில் உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. குத்தகை 2028இல் முடிகிறது. அதற்குள் வரும் ஜூலை 23களில் மலரோடு, மலையிலிருந்து இறக்கப்பட்டவர்களின் வீடு, நிலக் கோரிக்கை மனுவையும் ஆட்சியர் அலுவலகத்தில் கொடுங்கள்.