காற்றடைத்த சக்கரம்

ஆரணிப் பட்டைப் பற்றி எழுத எத்தனையோ பேர் இருக்கிறார்கள். பாவு, ஊடை, ஜரிகை, சாயம், கரை, முந்தானை என்று ஒவ்வொன்றுக்கும் தனிப் புராணமே பாடலாம். நான் சொல்ல வந்தது பட்டைப் பற்றி அல்ல; அந்தப் பட்டைச் சுமந்து செல்லும் காற்றைப் பற்றி.

ஆரணியிலும் சுற்றுப்புறத்துக் கிராமங்களிலும் இருக்கும் நெசவாளி, தறியிலிருந்து அறுத்த சேலையை மடித்துத் துணிப்பையில் வைத்துக்கொண்டு முதலாளி வீட்டுக்கோ கூட்டுறவுச் சங்கத்துக்கோ போகிறார். திரும்பும்போது அடுத்த சேலைக்கு வேண்டிய நூலும் ஜரிகையும் கொண்டு வருகிறார். ஒரு காலத்தில் நடை, பிறகு சைக்கிள், அப்புறம், 1980-ல் ஓசூரில் பிறந்த டி.வி.எஸ். 50 மொபெட், இப்போது மின்சார ஸ்கூட்டர். வாகனங்கள் மாறிக்கொண்டே வந்திருக்கின்றன. மாறாதது ஒன்றுதான்: சக்கரத்துக்குள் அடைபட்டுக் கிடக்கும் காற்று. பல நாள் உழைப்பும் பல ஆயிரம் ரூபாய் விலையும் உள்ள ஒரு பட்டுச் சேலை இரண்டு கைப்பிடிக் காற்றின் மேல் ஏறிப் போகிறது என்றால் வேடிக்கையாக இல்லையா?

ஆரணி, சக்கரங்களுக்குப் புதிய ஊர் அல்ல. 1751 டிசம்பரில் ராபர்ட் கிளைவ், சந்தா சாகிபின் மகன் ராஜா சாகிபையும் அவனுக்குத் துணை வந்த பிரெஞ்சுக்காரர்களையும் இங்கேதான் முறியடித்தான். 1782 ஜூனில் ஹைதர் அலியும் தளபதி அயர் கூட்டும் இதே வட்டாரத்தில் மோதினார்கள். அந்தப் படைகளின் பீரங்கி வண்டிகளுக்கெல்லாம் இரும்புப் பட்டை போட்ட மரச் சக்கரங்கள். பள்ளத்தில் விழுந்தால் மாடு முனகும், அச்சு முனகும், பக்கத்தில் நடக்கிறவனும் முனகுவான். உலகம் முழுவதும் சக்கரம் என்றால் அப்படித்தான் என்று மனிதகுலம் பல்லாயிரம் ஆண்டு பொறுத்துக்கொண்டிருந்தது.

அந்தப் பொறுமையை முதலில் இழந்தவர் ராபர்ட் வில்லியம் தாம்ஸன் என்ற ஸ்காட்லாந்து வாலிபர். சக்கரத்தைச் சுற்றி ரப்பர் பூசிய கித்தானால் ஒரு குழாய், அதற்குள் காற்று, அதன் மேல் தோல் உறை என்று யோசித்து, 1845-ல் இங்கிலாந்தில் பேடண்ட் உரிமை வாங்கினார். அப்போது அவருக்கு வயது 23. 1847-ல் லண்டன் ரீஜண்ட் பார்க்கில் குதிரை வண்டிகளில் பூட்டி ஓட்டிக் காட்டினார். வண்டி சத்தமே இல்லாமல் ஓடியது. ஒரு ஜதைச் சக்கரம் சுமார் 1,200 மைல் ஓடியும் கெடவில்லை. இருந்தும் என்ன பிரயோஜனம்? மெல்லிய ரப்பர் கிடைப்பது அரிது, விலையோ அதிகம். சைக்கிளும் மோட்டாரும் இன்னும் பிறக்கவில்லை. தாம்ஸன் தம் காற்றை விட்டுவிட்டுக் கெட்டி ரப்பருக்குத் தாவினார். கெட்டி ரப்பர் சக்கரம் பூட்டிய அவருடைய நீராவி வண்டிகள் 1870-களில் நம் தேசத்தின் வடமேற்குச் சாலைகளில்கூட ஓடின. காற்றுச் சக்கரத்தைக் கண்டுபிடித்த மகானுபாவர் கெட்டிச் சக்கரத்தால் பெயரெடுத்துக்கொண்டு 1873-ல் காலமானார்.

ஊரே அவரை மறந்த பிறகு பெல்பாஸ்ட் நகரில் இன்னொரு ஸ்காட்லாந்துக்காரர் தோன்றினார். இவர் எஞ்ஜினீயர் அல்ல, மாட்டு வைத்தியர். பெயர் ஜான் பாய்ட் டன்லப். கரடுமுரடான வீதியில் மூன்று சக்கர சைக்கிள் ஓட்டிய தம் சிறு பையன் படும் அவஸ்தையைப் பார்த்து, 1887-ல் ரப்பர் தகட்டைக் குழாயாக ஒட்டி, துணியைச் சுற்றி, மரச் சக்கரத்தின் மேல் ஆணியடித்து, கால்பந்துக்குக் காற்றடிக்கும் பம்பினால் காற்றடித்தார். அந்தச் சக்கரத்தை முற்றத்தில் உருட்டிவிட்டார். பழைய கெட்டிச் சக்கரம் பாதியில் சாய்ந்தது. காற்றுச் சக்கரம் முற்றத்தின் கோடிவரை ஓடிற்று. 1888-ல் பேடண்ட் கிடைத்தது. 1889 மே மாதம் பெல்பாஸ்ட் கல்லூரிப் பந்தயத்தில் வில்லியம் ஹ்யூம் என்பவர் அந்த டயர்களைப் பூட்டிக்கொண்டு வந்து ஜயித்ததும் உலகம் விழித்துக்கொண்டது.

ஆனால், இந்த யோசனையைத் தாம்ஸன் முன்பே பதிவு செய்துவிட்டார் என்று அரசாங்கம் கண்டுபிடித்து, டன்லப்பின் பேடண்ட் செல்லாது என்று சொல்லிவிட்டது. கம்பெனி மட்டும் வளர்ந்து பெரிதாயிற்று. அதில் டன்லப்பின் பெயர் நிலைத்தது. பெரும் செல்வம் வேறு கைகளுக்குப் போயிற்று. அதற்கும் முன்னால், ரப்பரைக் கந்தகத்தோடு சூடாக்கினால் வெயிலில் இளகாது, குளிரில் வெடிக்காது என்று 1839-ல் கண்ட அமெரிக்கர் சார்லஸ் குட்இயரின் கதை இன்னும் மோசம். அவர் 1860-ல் பெருங்கடனை வைத்துவிட்டு இறந்தார். அவர் பெயரில் இன்று விளங்கும் கம்பெனி 1898-ல் தொடங்கியது. அதற்கும் அவர் குடும்பத்துக்கும் சம்பந்தமில்லை. நெய்கிறவர் ஒருவர், உடுத்துகிறவர் ஒருவர் என்பது ஆரணிக்கு மட்டும் உரிய நியாயம் அல்ல போலும்.

டயர் பிறந்த மறுநாளே பஞ்சரும் பிறந்தது. டன்லப்பின் ஆரம்ப டயர்கள் சக்கரத்தோடு ஒட்டப்பட்டிருந்தன. முள் குத்தினால் பிய்த்தெடுத்து, ஒட்டி, இரவெல்லாம் காயவைக்க வேண்டும். பிரான்சில் மிஷலின் சகோதரர்களின் தொழிற்சாலைக்கு 1889-ல் அப்படி ஒரு சைக்கிள் வந்தது. அந்தத் தொல்லையைக் கண்டு அவர்கள் கழற்றி மாட்டும் டயரைச் செய்தார்கள். 1891-ல் பாரிஸிலிருந்து பிரெஸ்ட் போய்த் திரும்பும் நெடும் பந்தயத்தில் அது வெற்றி பெற்றது. 1893-ல் நியூயார்க்கில் ஆகஸ்ட் ஷ்ரேடர் பேடண்ட் வாங்கிய வால்வுதான் இன்றும் நம் ஸ்கூட்டர்ச் சக்கரத்தில் இருக்கிறது. நாம் கூசாமல் தமிழ்போலச் சொல்லும் 'ஸ்டெப்னி' எங்கிருந்து வந்தது தெரியுமா? வேல்ஸ் நாட்டு லனெல்லி என்ற ஊரில் ஸ்டெப்னி வீதி என்று ஒன்று. அங்கே டேவீஸ் சகோதரர்கள் 1904-ல் மாற்றுச் சக்கரம் செய்து விற்றார்கள். இங்கிலீஷ்காரர்கள் அந்தப் பெயரை மறந்துவிட்டார்கள். நம் பஞ்சர் கடைக்காரர்கள் மறக்கவில்லை.

இதுவரை சொன்னது கெட்டிக்காரர்களின் சரித்திரம். காற்றுக்கு விலை கிடையாது. ஆனால் அதை அடைத்து வைக்கும் தோலுக்கு? டயர் மோகம் பெருகப் பெருக ரப்பருக்கு வேட்டை நடந்தது. ஆப்பிரிக்காவில் பெல்ஜிய அரசர் லியோபோல்டின் சொந்தச் சொத்தாயிருந்த காங்கோவில், கேட்ட அளவு ரப்பர் கொண்டுவராத ஜனங்கள் பட்ட சித்திரவதை 1908 வரை நீடித்தது. இதற்கு முன்பே, 1876-ல் ஹென்றி விக்காம் பிரேசிலிலிருந்து சுமார் 70,000 ரப்பர் விதைகளை லண்டன் க்யூ தோட்டத்துக்குக் கொண்டு சேர்த்திருந்தார். அங்கே முளைத்த கன்றுகள் இலங்கைக்கும் பிறகு மலாயாவுக்கும் போயின. கன்றுகளின் பின்னாலேயே போனவர்கள் யார்? நம்மவர்கள்தான். தஞ்சாவூர், திருச்சி, சேலம் ஜில்லாக்களிலிருந்தும், ஆரணியை உள்ளடக்கியிருந்த பழைய வட ஆற்காடு ஜில்லாவிலிருந்தும் லட்சக்கணக்கான தமிழர்கள் கங்காணிகளின் வார்த்தையை நம்பிக் கப்பலேறினார்கள்.

விடியுமுன் எழுந்து, மரத்தின் பட்டையைக் கீறி, கொட்டாங்கச்சி போன்ற கிண்ணத்தில் சொட்டும் பாலைச் சேர்த்து, அவர்கள் பெற்றது சொற்பக் கூலி. உதவி கொடுத்து ஆள் அனுப்பும் அந்த ஏற்பாட்டை இந்திய அரசாங்கம் 1938-ல் தடை செய்தது. பிறகு யுத்தம் வந்தது. 1942, 43-ல் ஜப்பானியர் தோட்டத் தமிழர்களைச் சயாம்-பர்மா ரயில் பாதை போட இழுத்துச் சென்றார்கள். பல்லாயிரம் பேர் காட்டிலேயே மாண்டார்கள். அவர்களுக்குப் பெயர்ப் பலகை இல்லை. டன்லப், மிஷலின், குட்இயர் என்ற பெயர்கள் மட்டும் டயரின் பக்கவாட்டில் பொறித்திருக்கின்றன. டயரைப் பற்றி எழுதுகிறவன் இந்தப் பெயரில்லாதவர்களைச் சொல்லாமல் போனால் அது சரித்திரம் ஆகாது, விளம்பரம் ஆகும்.

இனி ஸ்கூட்டருக்கு வருவோம். நின்றுகொண்டு ஓட்டும் இந்தக் காலத்து மின்சார ஸ்கூட்டரைப் பார்த்து, 'கலிகாலம்!' என்று மூக்கில் விரல் வைக்கிறவர்கள் ஒன்றை அறிய வேண்டும். இதன் பாட்டி 1915-லேயே அமெரிக்காவில் 'ஆட்டோபெட்' என்ற பெயரில் பிறந்துவிட்டாள். 1916-ல் லண்டனில் ஸ்திரீகளின் வோட்டுரிமைக்குப் பாடுபட்ட லேடி புளோரன்ஸ் நார்மன், கணவர் பிறந்தநாள் பரிசாகக் கொடுத்த ஆட்டோபெட்டில் ஏறி வேலைக்குப் போனார். 1946-ல் இத்தாலியில் விமான எஞ்ஜினீயர் டஸ்கானியோ வெஸ்பாவை அமைத்தார். விமானச் சக்கரத்தைப் போல அதன் முன்சக்கரத்தை ஒரு பக்கமாகவே தாங்கும்படி செய்ததால், பஞ்சரானால் சுலபமாகக் கழற்றிவிடலாம். ஆரணிக்குப் பக்கத்திலேயே ராணிப்பேட்டையில் 2021-ல் மின்சார ஸ்கூட்டர் தொழிற்சாலை வந்துவிட்டது. ஓசூர், கிருஷ்ணகிரி வட்டாரத்திலும் அவ்விதமே.

இவற்றுக்கெல்லாம் பொதுவான குணம் ஒன்று உண்டு. சக்கரம் சிறியது. சிறிய சக்கரத்துக்குள் காற்றும் கொஞ்சம். கொஞ்சத்தில் கொஞ்சம் போனாலும் பெரிய நஷ்டம். முள் குத்தாவிட்டாலும் காற்று ரப்பரின் நுண்ணிய இடைவெளி வழியே மெல்ல வெளியேறிக்கொண்டுதான் இருக்கும். காற்று குறைந்தால் டயர் நசுங்கி நசுங்கிச் சுழலும், சூடேறும், பக்கவாட்டில் வெடிப்பு விடும். மின்சார வண்டியானால், சார்ஜ் நிரப்பியும் வண்டி வழக்கமான தூரம் போகாது. ஆசாமி பாட்டரியைக் குறை சொல்வார். குற்றவாளி கீழே சிரித்துக்கொண்டிருப்பான். நின்றோட்டும் சிறு ஸ்கூட்டரில் இன்னொரு ஆபத்தும் உண்டு. காற்றில்லாமல் பள்ளத்தில் இறங்கினால், ட்யூப் இரும்பு விளிம்புக்கும் தரைக்கும் நடுவே நசுங்கி, அருகருகே இரண்டு ஓட்டை விழும்.

ஆரணியில் சாலையோரப் பஞ்சர் கடைக்காரர் ஒருவர் என்னிடம் சொன்னார்: "காத்து இருக்கான்னுதான் கேக்கறாங்க ஐயா. எத்தனை பவுண்டுன்னு கேக்கறவங்க நூத்துல ஒருத்தர்." கட்டைவிரலால் அழுத்திப் பார்ப்பது வழக்கம்தான். ஆனால் 20 பவுண்டுக்கும் 30 பவுண்டுக்கும் உள்ள வித்தியாசம் கட்டைவிரலுக்குத் தெரியாது, மானிக்குத்தான் தெரியும். வாரம் ஒரு முறை, காலையில் வண்டியைக் கிளப்புமுன் பார்க்க வேண்டும். ஓடிய டயர் சூட்டினால் பொய்க் கணக்குக் காட்டும். வண்டியில் எழுதியிருக்கும் அளவே பிரமாணம். சாதாரணமாகப் பின்சக்கரத்துக்கு அதிகம். ஆளும் சுமையும் அதன் மேல்தானே? அளவை மீறி அடித்தாலும் தீங்குதான். டயர் நடுவில் மட்டும் தேயும், மழையில் வழுக்கும். வால்வு மூடி போனால் போகட்டும் என்று விடக்கூடாது. புழுதி உள்ளே புகுந்தால் காற்று வெளியே கிளம்பிவிடும். நின்றோட்டும் ஸ்கூட்டரில் சக்கரத்தின் இடுக்கில் பம்பு நுழையாது. வளையும் நீட்டுக் குழாய் ஒன்று கூடவே வைத்துக்கொள்ள வேண்டும். கருவேல முள் குத்தியிருந்தால், ட்யூப் இல்லாத டயர் உடனே படுத்துவிடாது. அதனால்தான் அதை அடிக்கடி தடவிப் பார்ப்பது நல்லது. பல மின்சார ஸ்கூட்டர்களில் ஸ்டெப்னியும் இல்லை என்பதை நினைவில் வைக்க வேண்டும்.

இது அற்பக் காரியமாகத் தோன்றலாம். ஆனால் ஒரு பஞ்சருக்கு எல்லோரும் ஒரே விலை கொடுப்பதில்லை. ஆபீஸ் உத்தியோகஸ்தருக்கு அது அரை மணி தாமதம். நெசவாளிக்கு அரை நாள் தறி நிற்கிறது. திடீர் மழையில் பை நனைந்தால் பட்டே கெடுகிறது. புதுக்கோட்டை ஜில்லாவில் அறிவொளி இயக்கத்தின்போது, 1990-களின் தொடக்கத்தில், ஆயிரக்கணக்கான பெண்கள் சைக்கிள் கற்றுக்கொண்டார்கள். இனி யாருக்காகவும் காத்திருக்க வேண்டாம் என்ற துணிவு அவர்களுக்குச் சக்கரத்தோடு சேர்ந்து வந்தது. அந்தத் துணிவும் ஓரளவுக்குக் காற்றின் மேல்தான் நிற்கிறது.

தாம்ஸன் யோசித்தார், டன்லப் அடைத்தார், குட்இயர் பதப்படுத்தினார், பெயர் தெரியாத நம் பாட்டனும் பாட்டியும் மலாயாக் காட்டில் பால் வடித்தார்கள். இத்தனை பேர் சேர்ந்து நமக்குக் கொடுத்துவிட்டுப் போன சொத்தைக் காக்க வாரத்தில் ஐந்து நிமிஷம் குனிந்தால் போதும். அவர்களுக்கு நாம் செய்யக்கூடிய மரியாதையும் அதுவே.