கைக்குத் திரும்பிய ஈயும் கைமீறிய கூட்டமும்: இயந்திரப் பூச்சியினம் ஒன்றின் கற்பனை வரலாறு

மேலை இலக்கியத்தில் இயந்திரப் பூச்சிகள் பல உண்டு. ஆனால் இயந்திரப் பூச்சி ‘இனம்’ என்று சொல்லத்தக்கது மிக அரிது. ஒன்றை இனம் என்று அழைக்க எண்ணிக்கை மட்டும் போதாது. செய்தவர்கள் மறைந்த பின்னும் அது தொடர வேண்டும். சூழலுக்கேற்பத் தலைமுறைதோறும் மாறவும் வேண்டும். இந்த அளவுகோலின்படி, தனித்த ஓர் ஈயிலிருந்து ஓர் இனத்துக்கு வந்து சேர ஐரோப்பியக் கற்பனைக்கு ஏறக்குறைய நானூறு ஆண்டுகள் ஆயின. அந்தக் காலம் முழுவதும் பூச்சிக்கும் அதைச் செய்த கைக்கும் இடையிலிருந்த கட்டு படிப்படியாக அவிழ்ந்துகொண்டே வந்தது என்பது இக்கட்டுரையின் வாதம்.

தொடக்கம் நியூரம்பர்க் நகரம். கணித, வானியல் அறிஞர் ரெஜியோமொண்டானுஸ் (1436–1476) அங்கே வாழ்ந்தபோது இரும்பால் ஓர் ஈ செய்தார், அது அவர் கையிலிருந்து எழும்பி விருந்தினர்களைச் சுற்றிப் பறந்துவிட்டு மீண்டும் அவர் கைக்கே வந்து அமர்ந்தது என்று பிரெஞ்சு அறிஞர் பீட்டர் ராமுஸ் எழுதினார். எழுதியது ஏறக்குறைய ஒரு நூற்றாண்டு கழித்து; ஆகவே இதைத் தொன்மமாகவே கொள்ள வேண்டும். ஆனால் நம்பப்பட்ட தொன்மம். 1648இல்கூட ஆங்கிலேயரான ஜான் வில்கின்ஸ் தம் இயந்திரவியல் நூலில் இந்த ஈயை மதித்துப் பேசுகிறார். நியூரம்பர்க் பூட்டுச் செய்வோரும் கடிகாரம் செய்வோரும் நிறைந்த ஊர். சுருள்வில்லால் ஓடும் கையடக்கக் கடிகாரங்கள் 16ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அங்கே உருவாயின. உள்ளங்கைக்குள் காலமே ஓடும்போது ஓர் ஈ பறக்காதா என்று அவ்வூரார் எண்ணியதில் வியப்பில்லை. ஈயின் பெருமை அது பறந்ததில் பாதிதான். மீதிப் பாதி அது கைக்குத் திரும்பியதில் இருந்தது.

அந்தத் திரும்புதல் முதலில் தடுமாறுவது அமெரிக்காவில். நத்தானியல் ஹாதார்ன் 1844இல் வெளியிட்ட ‘அழகின் கலைஞன்’ கதையில், கடிகாரத் தொழில் பயின்ற ஓவன் வார்லண்ட் பல ஆண்டு உழைத்து ஒரு வண்ணத்துப்பூச்சி செய்கிறான். நம்பிக்கையற்றவர் விரலில் அமர்ந்ததும் அதன் ஒளி மங்குகிறது. அது ஓவனின் கைக்கே திரும்ப முயல்கிறது. அவன் ஏற்க மறுக்கிறான். கடைசியில் ஒரு குழந்தையின் பிடியில் அது நசுங்குகிறது. ஓவன் கலங்குவதில்லை. படைப்பு தன் கையை விட்டுப் போய்விட்டதை ஏற்றுக்கொள்ளும் முதல் படைப்பாளியாக நான் இவனைக் காண்கிறேன்.

இருபதாம் நூற்றாண்டில் தனிப் பூச்சி கூட்டமாகிறது. எர்ன்ஸ்ட் யுங்கரின் ‘கண்ணாடித் தேனீக்கள்’ (1957) நாவலில், வேலை தேடிவரும் முன்னாள் குதிரைப்படை வீரர் ரிச்சர்டு, பெருந்தொழிலதிபர் சப்பரோனியின் தோட்டத்தில் கண்ணாடித் தேனீக்களைப் பார்க்கிறார். அவை ஒரே வருகையில் பூவைத் துளி மிச்சமின்றி உறிஞ்சிவிடுகின்றன. வாழ்நாளெல்லாம் வண்டுகளைச் சேகரித்த யுங்கருக்குப் பூவுக்கும் தேனீக்கும் இடையிலான கொடுக்கல் வாங்கல் நன்றாகத் தெரியும். இங்கே வாங்கல் மட்டுமே இருக்கிறது. ஆனாலும் இவை முதலாளியின் சொத்துதான். ஆலையில் பிறந்தவை, தாமாகப் பெருகாதவை.

இனம் பிறப்பது போலந்து எழுத்தாளர் ஸ்தனிஸ்வாவ் லெம் 1964இல் வெளியிட்ட நாவலில். அதன் பெயர், ‘வெல்ல முடியாதது’ என்ற பொருள்படும் அதன் விண்கலத்தின் பெயரே. காணாமற்போன இன்னொரு கலத்தைத் தேடி அது ரெகிஸ் III என்னும் கோளில் இறங்குகிறது. கண்டெடுத்த கலத்தில் உணவு நிறைய இருக்கிறது. ஆட்களோ மாண்டு கிடக்கிறார்கள். சோப்புக் கட்டிகளில் பல் தடம் பதிந்திருக்கிறது. அவர்களின் நினைவு முழுவதும் அழிந்து, கைக்குழந்தைகளைப் போல் ஆகியிருந்தார்கள். காரணம் ஈயளவேயான எண்ணற்ற உலோகத் துணுக்குகள். மேகமாகத் திரண்டு, வலிய காந்தப்புலத்தால் மூளையைத் துடைத்தெடுக்கின்றன.

உயிரியலாளர் லௌடா இதற்கு ஒரு கருதுகோள் முன்வைக்கிறார். மிகப் பழங்காலத்தில் வேற்று நாகரிகம் ஒன்றின் கலம் அங்கே இறங்கியது. வந்தவர்கள் அழிந்தனர், தம்மைத் தாமே செப்பனிடும் தானியங்கிகள் எஞ்சின. ஆற்றலுக்காக அவற்றுக்குள் போர் மூண்டது. பெரியவையும் அறிவு மிக்கவையும் தோற்றன. சிறியவை, எளியவை, சூரிய ஒளி கொஞ்சமே போதுமென்று வாழ்பவை வென்றன. டார்வின் சொன்ன இயற்கைத் தேர்வை உயிரற்ற பொருளுக்கு லெம் இத்தனை பொறுமையாகப் பொருத்தியிருப்பது என்னை ஒவ்வொரு வாசிப்பிலும் மலைக்க வைக்கிறது. நிலத்தில் உயிர்களே இல்லை. கடலில் எஞ்சிய மீன்களுக்குக் காந்தப்புலத்தை உணரும் புலன் வளர்ந்திருக்கிறது. இந்த ஒரு நுணுக்கம் போதும், துணுக்குகள் ஒரு கோளின் இயற்கை வரலாற்றுக்குள் நுழைந்துவிட்டன என்று காட்ட. எதிர்ப்பொருள் ஆயுதம் தாங்கிய மாபெரும் ஊர்தியையும் அவை நிலைகுலையச் செய்கின்றன. தனியே ஒரு துணுக்குக்கு எந்த வலிமையும் இல்லை. அதற்குச் சினமோ திட்டமோகூட இல்லை. முடிவில் மாலுமி ரோஹன், அக்கோளை அதன் போக்கிலேயே விட்டுவிட வேண்டும் என்ற எண்ணத்துக்கு வருகிறார். இயந்திரப் பூச்சிகளுக்கும் தமக்கென ஓர் இடம் உண்டு என்று இந்த மரபில் ஒருவர் ஏற்பது இதுவே முதல் முறை என்பது என் கணிப்பு.

லெமுக்குப் பிறகும் பழைய வடிவம் மறையவில்லை. பிலிப் புல்மனின் ‘நார்தர்ன் லைட்ஸ்’ (1995) என்னும் மிகைபுனைவில் வரும் வேவு ஈக்களுக்குள் ஒரு கெட்ட ஆவி மந்திரத்தால் அடைக்கப்பட்டிருக்கிறது. ஏவியவருக்காகவே அலையும் இவை, கதை உலகம் எவ்வளவு விரிந்ததானாலும், இரும்பு ஈயின் உறவினர்களே.

ஆய்வுக்கூடங்களும் இதே வழியில் தாமதமாக நடந்தன. 1970களில் அமெரிக்க உளவு நிறுவனமான சிஐஏ ஒட்டுக்கேட்பதற்காக ஒரு தும்பி செய்தது. அதன் குட்டி எஞ்சினை ஒரு கடிகாரத் தொழிலாளி அமைத்தார். பக்கக் காற்று அடித்தால் நிலை தடுமாறியதால் அது பயன்பாட்டுக்கு வரவில்லை. 2013இல் ஹார்வர்டு ஆய்வாளர்கள் பறக்கவிட்ட 80 மில்லிகிராம் ‘ரோபோபீ’ நொடிக்கு 120 முறை சிறகடித்தது. ஆனால் மின்சாரம் ஒரு மெல்லிய கம்பி வழியே வந்தது. 2019இல் நான்கு சிறகுகளோடும் சூரிய மின்கலத்தோடும் 259 மில்லிகிராம் எடையில் வந்த அதன் அடுத்த வடிவம் கம்பியில்லாமல் ஒரு நொடிக்கும் குறைவாகவே பறந்தது. அதற்கும் வெயிலைவிட ஏறக்குறைய மூன்று மடங்கு வலிய விளக்கொளி தேவைப்பட்டது. கொஞ்ச ஒளியில் வாழும் லெமின் துணுக்குகளை நோக்கி ஓர் அடி எடுத்து வைத்தாயிற்று. தன்னைப் போல் இன்னொன்றைச் செய்துகொள்ளும் பூச்சி மட்டும் இன்றும் கதைக்குள்ளேயே இருக்கிறது.